மீட்டர் பெட்டி இருந்த பக்கம்

பழைய சட்டையை நீட்டி, "இதே அளவுக்குத் தைச்சுக் குடுங்க" என்று கேட்ட யாரும் அந்தத் தையற்கடையில் வாங்கிக் கட்டிக்கொள்ளாமல் போனதில்லை. "நான் என்ன சட்டைக்கா தைக்கிறேன்? ஆளைக் கூட்டிட்டு வாங்க!" என்று விரட்டிவிடுவார் கடைக்கார அம்மா. சட்டை வெளுத்துச் சுருங்கியிருக்கும், ஆள் பெருத்திருப்பான், கடைசியில் பழி கத்தரியின் தலையில் விழும் என்பது அவர் கட்சி. ஊரே அவருக்கு 'ஆளைக் கூட்டிட்டு வா அக்கா' என்று பெயர் வைத்துவிட்டது. அப்படிக் கூப்பிட்டால் முறைப்பார், ஆனால் உள்ளுக்குள் அவருக்குப் பிடித்த பெயர்தான்.

பதினெட்டு வருஷம் அடுத்தவர் கடையில், அடுத்தவர் மெஷினில் குனிந்து கிடந்தவர் அவர். சிறுகச் சிறுகச் சேர்த்து வாங்கிய இடம் இது. முன்பக்கம் மெயின் ரோட்டைப் பார்த்த கடை, பின்பக்கம் ஒரு சந்தைப் பார்த்த வீடு. கடை திறந்த புதிதில் மின்சார மீட்டர் பார்க்க வந்தவர், தரையில் வெட்டுவதற்கு விரித்திருந்த கல்யாணத் துணியைச் சேற்றுக் காலோடு மிதித்துவிட்டார். அம்மாவுக்கு வந்ததே கோபம்! எழுதிக் கொடுத்து, காசு கட்டி, மீட்டர் பெட்டியைச் சந்துப் பக்கத்துச் சுவருக்கு மாற்றிவிட்டுத்தான் ஓய்ந்தார். அதிலிருந்து மின்சார பில், வரி ரசீது எல்லாமே சந்துப் பெயரில் வர ஆரம்பித்தன. வந்தால் வரட்டுமே என்று இருந்துவிட்டார்.

பன்னிரண்டு வருஷம் கழித்து, ரோட்டை அகலப்படுத்த அந்த இடம் முழுவதையும் அரசாங்கம் எடுத்துக்கொள்ளப்போவதாக நோட்டீஸ் வந்தது. பின்னாலேயே இழப்பீட்டுக் கடிதம். நிலத்தின் விலை சந்துக் கணக்கில் போட்டிருந்தது. சந்து விலைக்கும் ரோட்டு விலைக்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம். அந்தத் தொகைக்கு ரோட்டோரம் ஒரு கடையின் வாசற்படிகூடக் கிடைக்காது. ஐம்பத்தாறு வயதில் மறுபடி அடுத்தவர் மெஷினில் போய் உட்கார வேண்டியதுதான்.

"கவர்மெண்டோட மல்லுக்கட்ட முடியுமா? குடுக்கறத வாங்கிக்கலாம்" என்றார் கணவர், ஓய்வுபெற்ற பஸ் கண்டக்டர்.

"மெயின் ரோட்டுல இறங்கறவனுக்கு நீங்க என்னிக்காவது சந்துக்கு டிக்கெட் கிழிச்சீங்களா? கிளம்புங்க!"

நில எடுப்பு அலுவலகத்தில் அதிகாரி மரியாதையாகத்தான் பேசினார். ஃபைலைத் திருப்பி அம்மாவின் பக்கமே வைத்தார். "பாருங்கம்மா. பில்லு, ரசீது எல்லாமே சந்துன்னுதான் சொல்லுது. நாங்களா எதுவும் எழுதல."

அம்மா ஃபைலைப் புரட்டினார். எல்லாம் தானே செய்துகொண்ட வினை. கணவர் அவரைப் பார்க்காமல் மின்விசிறியைப் பார்த்தார். அம்மா தன் கழுத்தில் தொங்கிய டேப்பைத் தொட்டுக்கொண்டார். அவசரத்தில் அதைக் கழற்றி வைக்கக்கூட மறந்து வந்திருந்தார்.

"மீட்டரை மாத்தினது நான்தான் சார், ஒத்துக்கறேன். ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். என் இடத்தை எதுக்கு எடுக்கறீங்க?"

"ரோட்டை அகலப்படுத்தறதுக்கும்மா."

"எந்த ரோட்டை?"

"மெயின் ரோட்டை."

"சந்துல இருக்கற இடத்தை எடுத்தா மெயின் ரோடு எப்படி சார் அகலமாகும்?"

அதிகாரியின் பேனா நின்றது. பக்கத்து மேசை எழுத்தருக்குத் திடீரென்று இருமல் வந்துவிட்டது.

"பழைய சட்டையை வச்சு அளவெடுத்திருக்கீங்க. நேர்ல வந்து அளங்க. அதுக்கப்புறமும் சந்துதான்னு உங்களுக்குத் தோணுச்சுன்னா, குடுக்கறதை வாங்கிட்டுப் போயிடறேன்."

மூன்றாம் நாள் அதிகாரியே சர்வேயரோடு வந்தார். கடை வாசலில் நின்று குறிப்பெடுத்தவரை ஒரு லாரி ஹாரன் அடித்துத் துள்ள வைத்தது. நாடாவின் ஒரு முனையை அம்மாவே பிடித்தார். ரோட்டைப் பார்த்த முகப்பு, பதினான்கு அடி. "இன்னொரு தடவை அளந்துடுங்க சார்" என்று மறுபடியும் அளக்க வைத்தார். அடுத்த மாதம் திருத்திய உத்தரவு வந்தது, ரோட்டு விலையில்.

இப்போது அதே ரோட்டின் எதிர்வரிசையில் அவருக்குச் சொந்தக் கடை. மீட்டர் பெட்டி முன்வாசலில், நெற்றிக்கு நேரே. கேட்டது அம்மா, பீற்றிக்கொள்வது கண்டக்டர். துணி கொடுக்க வருகிறவர்களை நிறுத்தி, "என் வீட்டம்மா கேட்ட ஒரே கேள்வி..." என்று ஆரம்பித்துவிடுவார். அவர் சொல்லும் கதையில் அந்த எழுத்தரின் இருமல் வாரத்துக்கு வாரம் கூடிக்கொண்டே போகிறது.

இந்தப் புதுக் கடைக்கு முதல் தடவை மீட்டர் பார்க்க ஆள் வந்தபோது அம்மா மெஷினை நிறுத்தவில்லை.

"வாங்க, தாராளமா உள்ள வாங்க. செருப்பை மட்டும் வெளியில விட்டுடுங்க."

கண்டக்டர் தலையில் அடித்துக்கொண்டார். "அடிப்பாவி! இதை அன்னிக்கே சொல்லியிருக்கலாமே!"

"சொல்லியிருந்தா, ஊரெல்லாம் சொல்லிப் பெருமைப்பட உங்களுக்கு ஏது கதை?" என்றார் அம்மா, ஊசியில் நூலைக் கோத்தபடி.