மாலை போட்ட படம்

படம் இல்லை, படம் இல்லை என்று நான் படித்துப் படித்துச் சொல்லியிருந்தேன். எங்கள் தமிழ்ச் சங்கத்தின் செயலாளர் ஒவ்வொரு முறையும் "ஓம் ஓம், விளங்குது அண்ணை" என்று தலையாட்டினார். விளங்கியிருந்தால் அன்றைக்கு எனக்கு அப்படிப் பற்றிக்கொண்டு வந்திருக்காது.

விசயம் இதுதான். பத்தொன்பதாம் நூற்றாண்டில் கரிபியன் தீவொன்றில் வாழ்ந்த ஒரு மனிதரைப் பற்றித் தமிழில் புத்தகம் எழுதினேன். பத்திரிகை நடத்தியவர். எழுதியதற்காகச் சிறைக்குப் போனவர். பிறகு துப்பாக்கி தூக்கிப் போருக்குப் போய், அங்கேயும் சும்மா இருக்காமல் தன் தளபதியின் பிழைகளையே எழுதி அனுப்பி வாங்கிக் கட்டிக்கொண்டவர். வாய் அடங்காத மனிதர்களை எனக்குப் பிடிக்கும். தேடாத இடமெல்லாம் தேடியும் அவருடைய படம் ஒன்றுகூட எனக்குக் கிடைக்கவில்லை.

அவரைப் பற்றி நான் முதலில் கேள்விப்பட்டது லண்டனில் பார்க்கிங் என்கிற பகுதியில் நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில். என்னோடு வேலை செய்யும் பெண்மணி அதே தீவில் பிறந்தவர். "எங்கள் பள்ளிக்கூடத்துக்கு அவர் பெயர்தான். இந்த லண்டனில் அந்தப் பெயரைச் சொன்னால் ஒருத்தருக்கும் தெரியாது" என்று தேநீர் குடிக்கும்போது ஒருநாள் எரிச்சலோடு சொன்னார். அந்த எரிச்சல் எனக்கும் தொற்றிக்கொண்டது. வாசித்ததை எல்லாம் அவரிடம் போய்ச் சொல்வேன். அவர் சிரிப்பார், திருத்துவார், சிலநேரம் கண் கலங்குவார். தமிழ் ஒரு எழுத்தும் தெரியாத அவருக்காகத்தான் அந்தத் தமிழ்ப் புத்தகத்தை எழுதினேன் என்றால் யார் நம்புவார்கள்?

வெளியீட்டு விழா பக்கத்து ஊரான செவன் கிங்ஸில். "உங்கள் ஆளுக்கு ஒரு மண்டபம் நிறையச் சனம் எழுந்து நின்று மரியாதை செய்யப்போகிறது, வந்து பாருங்கள்" என்று நான்தான் அவரை வற்புறுத்தினேன். அவர் ஷிப்டை மாற்றிக்கொண்டு, ஞாயிறுகளில் தேவாலயத்துக்குப் போடும் நீலத் தொப்பியோடு வந்து முன்வரிசையில் உட்கார்ந்தார். அந்த ஒரு மரியாதையை அவர் கண்ணால் பார்க்க வேண்டும். எனக்கு வேறு ஒன்றும் வேண்டியிருக்கவில்லை.

மலர் வணக்கம் இல்லாமல் எங்கள் ஆட்களுக்கு விழா தொடங்காது. மறைந்தவரின் படத்தை மேசையில் வைத்து, மாலை போட்டு, விளக்கேற்றி, ஒவ்வொருவராக வந்து பூ வைக்க வேண்டும். பிரதம விருந்தினர் என்று அந்தப் பெண்மணியைத்தான் முதலில் அழைத்தார்கள். பூவை வாங்கிக்கொண்டு போனவர் படத்துக்கு முன்னால் அப்படியே நின்றுவிட்டார். கையில் பூ, கண் படத்தில்.

நான் எட்டிப் பார்த்தேன். ஐயோ! பாலைவனத்து ராணுவ உடுப்பு, கறுப்புக் கண்ணாடி, கையில் பெரிய ஒரு டிஜிட்டல் மணிக்கூடு. இருபத்தைந்து வயதுகூட இராத ஒரு பையன் பல்லெல்லாம் தெரியச் சிரித்துக்கொண்டிருந்தான்.

"இது யார்?" என்று அவர் என்னைத் திரும்பிப் பார்த்துக் கேட்டார்.

செயலாளரை மேசைப் பக்கமாக இழுத்தேன். "என்ன கோதாரி இது?"

"படமில்லாமல் மலர் வணக்கம் எப்பிடிச் செய்யிறது அண்ணை? இன்டர்நெட்டில கறுப்பு ஆமிக்காரர் எண்டு தேடினன், வந்துது. நல்ல வடிவான படம்."

"உமக்கென்ன விசரே? எங்கட ஆள் ஒருத்தற்ர படத்தை இப்பிடி மாத்தி வைச்சா விடுவமே?"

"அதெப்பிடி மாறும்? எங்கட ஆக்களின்ர முகம் எங்களுக்குத் தெரியாதே?"

நக்கலுக்குச் சொல்லவில்லை, உண்மையாகவே கேட்டார். அதுதான் என்னைக் கொன்றது. இந்த நாட்டில் எங்களை எவனாவது பாகிஸ்தானி என்று கூப்பிட்டால் ஒரு கிழமைக்கு அதையே சொல்லிச் சொல்லிக் கொதிக்கிற சனம் நாங்கள்.

"இந்தப் பெடியன் எங்கேயோ உயிரோட இருக்கிறான், தெரியுமே?" என்றேன்.

அப்போதுதான் செயலாளரின் முகம் வெளிறியது. "ஐயையோ, உயிரோட இருக்கிற ஆளுக்கு மாலையும் போட்டு விளக்கும் கொளுத்திப்போட்டமே! ஆரு பெத்த பிள்ளையோ!" என்று மாலையைப் பிடுங்கி, விளக்கை அணைத்து, படத்தைக் கதிரைக்குப் பின்னால் தள்ளினார். யாரென்றே தெரியாத அந்தப் பையனுக்காகப் பதறினார். பூவோடு நின்ற பெண்மணியிடம் ஒரு வார்த்தை மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றவே இல்லை. நான்தான் கேட்டேன்.

அவரைக் கூட்டிப்போய்ப் பழைய இடத்தில் இருத்தி, பக்கத்தில் நானும் இருந்தேன். மேடையில் யாரோ சங்கத்தின் சாதனைகளைப் பேசத் தொடங்கியிருந்தார்கள். பூ இன்னும் அவர் கையில் இருந்தது.

"பரவாயில்லை. ஆனால் ஒன்று கேட்கவா?" என்றார். "படமே இல்லை என்கிறீர்கள். இவ்வளவு காலமும் எழுதும்போது யாருடைய முகத்தை நினைத்துக்கொண்டு எழுதினீர்கள்?"

ஏதாவது சொல்லிச் சமாளித்திருக்கலாம். அவருக்குப் பொய் சொல்ல வாய் வரவில்லை. மெலிந்த முகம், தடித்த கண்ணாடி, நரைத்த மீசை. யாழ்ப்பாணத்தில் எங்கள் வீதி முனையில் சின்ன அச்சகம் வைத்துப் பத்திரிகை நடத்தியவர். எழுதியதற்காக ஒரு காலையில் ஏற்றிக்கொண்டு போனார்கள், வரவே இல்லை. அவருடைய முகத்தைத்தான் முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை பார்த்துக்கொண்டு எழுதினேன். அதை அப்படியே சொன்னேன்.

அந்தப் பெண்மணி சிரிக்கவில்லை. சற்று முன்னர் அந்தப் படத்தைப் பார்த்த மாதிரியே என்னைப் பார்த்தார்.

"அப்படியென்றால் எங்கள் ஆள் எங்கே?" என்று கேட்டார்.

ஏற்புரைக்கு என் பெயரை மைக்கில் கூப்பிட்டார்கள். இரண்டாம் முறையும் கூப்பிட்டார்கள். என்னால் எழும்ப முடியவில்லை.