முதுகு காட்டிப் பார்த்த படங்கள்

ஞாயிற்றுக்கிழமை டிவியில் படம் போட்டால் நான் டிவிக்கு முதுகைக் காட்டி உட்காருவேன். அக்காவுக்கு எட்டு வயதில் வந்த காய்ச்சலில் காது போய்விட்டது. அவளுக்கு எதிரே உட்கார்ந்து, கேட்கிற வசனத்தையெல்லாம் சத்தமில்லாமல் வாயசைத்துச் சொல்வேன். வெளியாட்களிடம் வாய் திறக்காத நான் அவளுக்காகக் கதாநாயகனாகவும் வில்லனாகவும் பேசியிருக்கிறேன். அந்தப் படங்களில் பாதியை அக்காவின் முகத்தில்தான் பார்த்தேன்.

போன மாதம் சேவுகம்பட்டியில் அவள் வீட்டுக்குப் போயிருந்தேன். மச்சான் பூ மார்க்கெட்டுக்குப் போயிருந்தார். என் போனில் ஒரு பழைய ஊமைப்படம் கிடைத்தது. வெள்ளைக்காரப் பணக்காரக் குடும்பத்துக் கதை. முதல் முறையாக இருவரும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தோம். இடையிடையே வந்த இங்கிலீஷ் எழுத்து எனக்கு ஓடவில்லை. முகங்களைப் பார்த்தே அக்காதான் கதை சொன்னாள்.

"பெரிய வீட்டுப் புள்ள அந்தப் பியானோக்காரன விரும்புறாடி. அப்பன் மூஞ்சியப் பாரு, வெளக்கெண்ணெய் குடிச்ச மாதிரி."

காதலன் கடிதம் அனுப்புகிறான். அந்தப் பெண்ணின் தங்கை அதை வாங்கி, அவளிடம் கொடுக்காமல் அப்பாவின் மேஜையில் வைக்கிறாள்.

இந்த மச்சானுக்கு முன்னால் அக்காவைப் பெண் பார்க்கத் தொப்பம்பட்டியிலிருந்து வந்தவர்கள், காது விஷயம் தெரிந்ததும் வேண்டாம் என்றுவிட்டார்கள். அடுத்த வாரம் மாப்பிள்ளை மட்டும் தனியாக வந்தார். குடத்தோடு குழாயடியில் நின்ற என்னிடம் ஒரு காகிதத்தைத் தந்து, "அக்கா கையில குடுத்துரு கண்ணு" என்றார். நான் படித்துப் பார்த்தேன். பயந்துபோய் அப்பாவிடம் கொடுத்தேன். அவர் அதை அடுப்பில் போட்டார். அக்காவிடம் நான் சொன்னதேயில்லை.

"ஏண்டி, அந்தத் தங்கச்சி நிக்கிறதப் பாரு," என்றாள் அக்கா. "அன்னைக்கு வெறுங்குடத்தோட வந்து நின்னியே, அதே மூஞ்சி."

அவள் பக்கம் திரும்பினேன். "உனக்குத் தெரியுமாக்கா?"

"அப்பா அடுப்புல போட்டதப் பாத்தேன். என்ன எழுதியிருந்துச்சுன்னுதான் தெரியல. நீயாச் சொல்லுவன்னு இருந்தேன்."

போனைக் கவிழ்த்து வைத்துவிட்டு அவளுக்கு எதிரே போய் உட்கார்ந்தேன். பழையபடி சத்தமில்லாமல் வாயசைத்தேன்.

"எங்க வீட்டுல என்ன சொன்னாலும் எனக்கு உங்களப் புடிச்சிருக்குங்க. நீங்களும் சரின்னு ஒரு வரி எழுதுனா வந்து கூட்டிட்டுப் போறேனுங்க."

அக்கா என் உதட்டிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"புரியலடி. இன்னொரு தடவ சொல்லு."

என் வாயசைவில் அவளுக்குப் புரியாமல் போன வசனம் அதுவரை ஒன்றுகூட இல்லை. இன்னொரு தடவை சொன்னேன்.