கொக்கியிலிருந்து எண்பத்துநாலு அங்குலம்

நசீபாவை எனக்குத் தெரிய வந்தது அவள் மாமியாரின் இடுப்பெலும்பால். குளியலறையில் விழுந்து எலும்பு முறிந்த அந்த அம்மாளைப் பார்த்துக்கொள்ள ஒரு ஹோம் நர்ஸ் வேண்டும் என்று என்னைக் கூப்பிட்டார்கள். மூன்று மாத வேலை என்றார்கள். எட்டு வருடமாகிறது. அந்த அம்மாள் இப்போது நடக்கிறார், சாப்பிடுகிறார், என்னைத் திட்டுகிறார். வேலை நன்றாக நடக்கிறது என்று அர்த்தம்.

கொச்சியில் மட்டாஞ்சேரி பஜார் ரோட்டிலிருந்து காயல் பக்கம் இறங்கும் சந்தில் நசீபாவின் அரவை மில். மாடியில் வீடு. கீழே ஒரு காலத்தில் மிளகுக் கிடங்காக இருந்ததாம். தராசு தொங்கிய இரும்புக் கொக்கி இன்னும் சுவரின் உச்சியில் இருக்கிறது. மிளகாய், மல்லி, மஞ்சள், புட்டு மாவு எல்லாம் அரைத்துத் தருவாள். பாலக்காட்டு ராவுத்தர் வீட்டுப் பெண். பத்தொன்பது வயதில் கல்யாணமாகி இங்கே வந்தவள். தமிழில் பேசுவாள், மலையாளத்தில் எழுதுவாள், கோபம் வந்தால் இரண்டையும் கலந்து அரைப்பாள். கணவர் மாரடைப்பில் போனார். துக்கம் காக்கும் நாலு மாதம் பத்து நாள் முடிந்த மறுநாளே கீழே இறங்கி மில்லின் பெல்ட்டைத் தானே மாட்டினாள். இப்போது ஐம்பத்துநாலு வயது.

இரண்டாயிரத்துப் பதினெட்டாம் வருட வெள்ளத்தில் மட்டாஞ்சேரி பெரிதாக நனையவில்லை. ஏலூரில்தான் பெரியாறு கூரை வரை ஏறியது. அங்கே இருந்த சித்தி மகள் வீட்டைக் கழுவ நசீபா விளக்குமாறோடு போனாள். ஐந்து நாள் சேறு வாரினாள். அந்தத் தெருவில் நாற்பது பெண்கள் சேர்ந்து ஒரு நிதி வைத்திருந்தார்கள். பல வருடம் அழகாக நடந்த நிதி. ஒருத்திக்கு ஆபரேஷன் என்றால் கொடுத்தார்கள், ஒருத்தி வீட்டில் தீப்பிடித்தபோதும் கொடுத்தார்கள். வெள்ளம் வடிந்த மறுநாள் நாற்பது பேரும் ஒன்றாகக் கை நீட்டினார்கள். ஆளுக்கு எண்ணூறு ரூபாய் வந்தது. ஒரு மெத்தை வாங்கக்கூடக் காணாது.

திரும்பி வந்தவள் என்னிடம் சொன்னது நினைவிருக்கிறது. “எல்லாரும் ஒரே நாள்ல நனைஞ்சா, யார் யாருக்குத் துண்டு கொடுக்கிறது சிஸ்டர்?”

அதற்கு முன் காப்பீட்டு ஏஜெண்டு ஒருவரையும் அவள் வரவழைத்திருந்தாள். அவர் கட்டடத்தின் வயதைக் கேட்டார், காயல் எவ்வளவு தூரம் என்று கேட்டார், சாயா குடித்தார், போனார். மறுபடி அந்தச் சந்துப் பக்கமே காணவில்லை.

அதனால் அவள் வேறு வழி பார்த்தாள். நாம் நனையும் நாளில் நனையாத ஊர் ஒன்று வேண்டும். பாலக்காட்டில் அவளுடைய பெரியம்மா மகன் மொய்து தையல் கடை வைத்திருக்கிறார். அங்கே கடைவீதியில் முப்பத்துநாலு பேரை அவர் சேர்த்தார். இங்கே முப்பத்தொரு கடைகளை நசீபா சேர்த்தாள். மாதம் ஆளுக்கு இருநூறு. அவரவர் பணம் அவரவர் ஊர் வங்கியில். இங்கே காயல் ஏறினால் பாலக்காட்டுப் பணம் இங்கே வரும், கடைக்குப் பத்தாயிரம், மூன்று நாளுக்குள். அங்கே புழை, அதாவது ஆறு, பொங்கினால் இங்கிருந்து அங்கே போகும்.

யாருக்கு எவ்வளவு நஷ்டம் என்று யார் பார்ப்பது? மொய்து அதைத்தான் முதலில் கேட்டார். நனைந்த மூட்டைகளின் எண்ணிக்கை தண்ணீர் வடிவதற்குள் இரண்டு மடங்காகிவிடும் என்பது வியாபாரிகள் எல்லாருக்கும் தெரியும். ஆகவே மூட்டையை எண்ணுவதில்லை, தண்ணீரை அளப்பது என்று முடிவானது. பாலக்காட்டில் புழைப் படித்துறையில் மேலிருந்து நாலாவது படி மூழ்க வேண்டும். இங்கே மில்லின் உள்சுவரில், தரைக்கு ஒன்றரை அடி மேலே ஒரு சிவப்புக் கோடு. தண்ணீர் கோட்டைத் தொட்டால் பணம், தொடாவிட்டால் இல்லை. வழக்கு, கெஞ்சல், சாட்சி எதுவும் கிடையாது.

ஆறு வருடம் யாரும் யாருக்கும் ஒரு ரூபாய் தரவேண்டி வரவில்லை. சிலர் முணுமுணுத்தார்கள். பக்கத்துக் கடைச் சங்கிலிப்பாண்டி மாதா மாதம் முணுமுணுத்தான். தேனிப் பக்கத்துக்காரன், வெங்காயம் உருளைக்கிழங்கு மொத்த வியாபாரம். வாய் நீளம், மனசு பரவாயில்லை.

போன மார்கழி அமாவாசையன்று விடியற்காலையில் வேலியேற்றம் வந்தது. கடல் ஏறும்போது காயல் ஊருக்குள் வருவது இங்கே வருடா வருடம் உண்டு. கணுக்கால் நனையும், திட்டுவோம், துடைப்போம். இந்தத் தடவை மழையும் காற்றும் சேர்ந்துகொண்டன. அரை மணி நேரத்தில் மில்லுக்குள் முழங்கால் அளவு. நான் மெயின் சுவிட்சை அணைத்தேன். நசீபா மோட்டாரைக் கழற்றப் பார்த்தாள். அதற்குள் அது மூழ்கிவிட்டது. பாண்டியின் கடையில் வெங்காய மூட்டைகள் மிதந்தன.

ஒன்பது மணிக்குத் தண்ணீர் இறங்கியது. அமாவாசை ஏற்றம் இறங்கும்போது சுவரில் ஈரம் ஒரு நேர்கோடாக நிற்கும். எல்லாரும் ஓடி வந்து அதைத்தான் பார்த்தார்கள். சிவப்புக் கோட்டுக்கு ஈரம் இரண்டு விரல் கீழே நின்றிருந்தது.

நசீபாவுக்கு அந்தப் பத்தாயிரம் என்ன என்பதைச் சொல்லிவிடுகிறேன். மோட்டாருக்குக் காயில் சுற்றி பேரிங் மாற்றப் பதினெட்டாயிரம் என்றார் கலூர் பட்டறைக்காரர். பாதியை அவளால் புரட்ட முடியும். கட்டடச் சொந்தக்காரரிடம் அந்த இடத்தில் காபிக் கடை வைக்க ஆள் காத்துக்கொண்டிருந்தது. மில் ஒரு மாதம் ஓடாவிட்டால் சாவியைத் தந்துவிடலாமே என்று அவர் அன்று மாலையே மிக மரியாதையாகக் கேட்டுவிட்டுப் போனார்.

ஆனால் அதற்கு முன், காலையிலேயே பாண்டி ஒரு மக்கில் தண்ணீர் கொண்டுவந்தான்.

“ரெண்டு விரல்தானேக்கா. ஒரு வீச்சு வீசுனா முடிஞ்சுது. சுவரு போய்ச் சாட்சி சொல்லவா போகுது?”

“குழாய்த் தண்ணிதானே அது? காயல் தண்ணி காய்ஞ்சா உப்புப் பூக்கும், இது பூக்காது. மண்டா, மடையா.”

“சரி, காயல்ல மொண்டுட்டு வரேன்.”

“மக்கைக் கீழே வை பாண்டி. நாளைக்கு அவங்க நாலாம் படி முங்கிச்சின்னு சொன்னா, நீ நம்பணுமா வேண்டாமா?”

பாண்டி மக்கைக் கீழே வைத்தான். நசீபா எல்லார் முன்னாலும் மொய்துக்குப் போன் செய்தாள். இரண்டு விரல் குறைவு, பணம் அனுப்ப வேண்டாம் என்றாள். நலம் விசாரித்தாள், வைத்தாள். அதன் பிறகு அந்தச் சந்தில் இரண்டு நாள் அவளோடு யாரும் சரியாகப் பேசவில்லை. ஆறு வருடச் சந்தாவைக் காயலிலேயே போட்டிருக்கலாம் என்றார் ஒருவர். அவள் பிளீச்சிங் பவுடர் போட்டுத் தரையைத் தேய்த்தாள். நான் முப்பத்தொரு கடைக்கும் எலிக்காய்ச்சல் மாத்திரை கொடுத்தேன். கோபமாக இருந்தாலும் விழுங்கினார்கள்.

மூன்றாம் நாள் மொய்து வந்து நின்றார். போனில் நசீபாவின் குரல் ரொம்ப நிதானமாக இருந்ததால் சந்தேகம் வந்ததாம். கையில் நேந்திரங்காய் வறுவல், பையில் டேப், அளவு நோட்டு. எங்கே போனாலும் அவர் அவற்றை எடுத்துப் போவார். போன இடத்தில் யாருக்காவது பெருநாள் சட்டை அளவு எடுக்காமல் திரும்பியதில்லை.

சாயா குடித்துக்கொண்டே சுவரைப் பார்த்தார். கொக்கியைப் பார்த்தார். கோட்டைப் பார்த்தார். ஆளை ஏற இறங்கப் பார்க்கும் தையல்காரன் பார்வை.

“நசீ, உன் சுவரு குள்ளமாயிடுச்சே.”

“உங்களுக்குக் கண்ணாடி மாத்தணும் அண்ணே.”

அவர் நோட்டைப் புரட்டினார். ஆறு வருடத்துக்கு முந்தைய பக்கம். தையல்காரர்கள் யாரையும் பாதத்திலிருந்து அளப்பதில்லை, தோளில் தொடங்கிக் கீழே வருவார்கள். அன்று கோடு போட்டபோது மொய்து பழக்கதோஷத்தில் சுவரையும் ஒரு வாடிக்கையாளர் போலக் குறித்திருந்தார். ‘நசீபா மில். கொக்கியிலிருந்து நீளம் 84.’ வேறு யாருக்கும் அது நினைவில்லை. கோடுதான் கண்ணெதிரே இருந்ததே.

டேப் அறுபது அங்குலம்தான். ஸ்டூலில் ஏறிக் கொக்கியிலிருந்து அறுபது அளந்து பென்சிலால் குறித்தார். இறங்கி மீதியை அளந்தார். இருபதில் சிவப்புக் கோடு வந்துவிட்டது. எண்பது.

நாலு அங்குலம் எங்கே போனது என்று யோசிக்கக்கூடத் தேவைப்படவில்லை. அது எங்கள் காலடியில் இருந்தது. இந்தச் சந்தில் ஒவ்வொரு வேலியேற்றத்துக்குப் பிறகும் யாராவது தரையை உயர்த்துவார்கள். இரண்டு வருடத்துக்கு முன் மில்லிலும் கான்கிரீட் கொட்டி டைல் ஒட்டினார்கள், சுவருக்கு வெள்ளையடித்தார்கள், கோடு மறைந்தது. மறுபடி கோடு போட்டவன் சங்கிலிப்பாண்டி. புதுத் தரையிலிருந்து ஒன்றரை அடி சரியாக அளந்து, பளிச்சென்று போட்டான். கோடும் தரையோடு சேர்ந்து நாலு அங்குலம் மேலே போனது யாருக்கும் உறைக்கவில்லை.

மொய்து எண்பத்துநாலில் பென்சிலால் கோடு கிழித்தார். உப்புப் பூத்த ஈரக் கோடு அதற்கு இரண்டரை அங்குலம் மேலே இருந்தது.

அறையில் நாங்கள் மூன்று பேர்தான். நோட்டு அவர் கையில். அவர் ஊர் முப்பத்துநாலு பேரின் நிதியிலிருந்து மூன்று லட்சத்துப் பத்தாயிரம் போக வேண்டும், எல்லாம் சிறு வியாபாரிகள் பணம். அவர் கண்ணாடியைக் கழற்றி முண்டின் ஓரத்தில் துடைத்தார். நிறைய நேரம் துடைத்தார்.

“நாங்க தரணும் நசீ.”

“அப்படிச் சும்மா தர வேண்டாம். உங்க ஆளுங்க உங்களைத்தான் திட்டுவாங்க. இருங்க.”

அவள் பாண்டியைச் சுத்தியலோடு வரச் சொன்னாள். மூலையில் ஒரு டைலைப் பெயர்த்து, கீழே கான்கிரீட்டையும் கொத்தி, பழைய கருங்கல் தரை தெரியும்வரை தோண்ட வைத்தாள். பள்ளத்துக்குள் டேப்பை நிறுத்தினாள். நாலு அங்குலம். நோட்டுப் பக்கம், டேப், பள்ளம் மூன்றையும் போட்டோ எடுத்து இரண்டு ஊர் வாட்ஸப் குழுவிலும் போட்டாள்.

பாண்டி வியர்வையைத் துடைத்தான். “அப்ப நான் அன்னைக்குக் கோடு போடாமயே இருந்திருந்தா...”

“ரெண்டு நாள் முன்னாடியே காசு வந்திருக்கும்” என்றாள் நசீபா. “நீ வெங்காயத்தைப் பாரு. பிரஷ் பக்கம் போகாதே.”

பாலக்காட்டில் ஒரு ராத்திரி முழுக்கச் சண்டை நடந்ததாக மொய்து பிறகு சொன்னார். பணம் அனுப்ப வேண்டாம் என்று சொன்னவளே நசீபாதானே என்று ஒருவர் கேட்டாராம். வரவேண்டியதை வேண்டாம் என்றவள் பொய்யா சொல்வாள் என்று இன்னொருவர் திருப்பிக் கேட்டாராம். இரண்டாம் நாள் பகலில் பணம் வந்தது.

கலூரிலிருந்து மோட்டார் பதினெட்டாம் நாள் திரும்பியது. முதல் அரவை மிளகாய். சந்து முழுக்கத் தும்மியது. காபிக் கடைக்காரர் வேறு இடம் பார்த்துக்கொண்டார். எண்பத்துநாலில் இப்போது பெயிண்ட் இல்லை, உளியால் வெட்டிய பள்ளம்.

அடுத்த ஞாயிறு நசீபா பாலக்காட்டுக்குப் போனாள், நானும் கூடப் போனேன். செருப்பைக் கழற்றிவிட்டுப் படித்துறையில் இறங்கி, மேலிருந்து ஒவ்வொன்றாகக் காலால் தட்டி எண்ணினாள்.

மேலே குடையோடு நின்ற மொய்து, “எங்க படியும் குள்ளமாயிடுச்சான்னு பாக்கறியா?” என்றார்.

“நீங்க மட்டும் என் சுவரை அளக்கலாமாக்கும்.”

நாலாவது படி இருந்த இடத்திலேயே இருந்தது. அவள் டேப்பால் உயரத்தை அளந்து நோட்டில் குறித்துக்கொண்டாள். சாப்பிட்டுவிட்டுப் போகச் சொன்னார்கள். மல்லி மூட்டை வந்து கிடக்கிறது என்று அடுத்த ரயிலிலேயே என்னை இழுத்துக்கொண்டு கிளம்பிவிட்டாள்.