பதினொன்றே முக்காலுக்குக் கொடுத்த வேட்புமனு

பிரதேச சபைத் தேர்தலில் எங்கள் சுயேச்சைக் குழுவுக்கு நான்தான் தலைவர். ஐந்தாம் வகுப்பைத் தாண்டாதவனைத் தலைவராக்கினால் என்ன நடக்குமோ, அதுதான் நடந்தது.

கடைசி நாள் மதியம் பன்னிரண்டு மணிவரைதான் வேட்புமனு எடுப்பார்கள். எங்கள் இளைஞர் வேட்பாளர் இணுவில் கவிதா, "ஒன்பதுக்கே போவம் அண்ணை" என்றாள்.

"பதினொண்டே முக்காலுக்குத்தான் நல்லநேரம். பேசாமல் இரு பிள்ளை" என்றேன்.

அந்த நேரத்துக்கே கொடுத்தோம். இளைஞர் ஒதுக்கீட்டுக்கு வயதை உறுதிசெய்ய, அதிகாரி கவிதாவின் பிறப்புச் சான்றிதழைத் தூக்கிப் பார்த்தார்.

"உது வெறும் போட்டோப்பிரதி. பதிவாளர் ஒப்பமிட்டது எங்கை?"

அது அவள் வீட்டில் இருந்தது. போய்வர அரை மணி நேரம் வேண்டும். போட்டோப்பிரதி போதும் என்று சொன்ன மேதையும் நான்தான்.

கவிதாவைக் கழித்தால் இளைஞர் எண்ணிக்கை குறைகிறதென்று முழுப் பட்டியலையும் நிராகரித்தார்கள். கொழும்பு வரை போய் வழக்காடியும் தோற்றோம். ஒரு கடதாசிக்காக அத்தனை பேரையும் வெளியே தள்ளுகிற சட்டத்தை நினைத்தால் இன்னும் கொதிக்கிறது. என் மண்டையை நினைத்தால் அதைவிடக் கொதிக்கிறது.

நீதிமன்ற வாசலில் கவிதா கேட்டாள்: "உங்கடை நல்லநேரம் ஆருக்கு நல்லது அண்ணை? மற்றக் கட்சிக்காரருக்கோ?"



இப்போதெல்லாம் ராகுகாலமானாலும், எந்த அலுவலகத்துக்கும் மூலப் பத்திரங்களோடு முதல் ஆளாகப் போய் நிற்கிறேன். அடுத்த தேர்தலில் தலைவர் கவிதா. எத்தனை மணிக்குப் போவதென்று அவளே சொல்லட்டும்.