பிறவுண் பேப்பர் உறை போட்ட படங்கள்

சிட்னியில் ஆபாசப் படங்களை ஒழித்தவள் நான். சரி, கொஞ்சம் கூட்டிச் சொல்லிவிட்டேன். சிட்னி முழுக்க இல்லை. ஸ்ட்ராத்ஃபீல்டில், நாகேஸ்வரியின் வீடியோக் கடையில், திரைச்சீலைக்குப் பின்னால் இருந்த ஒரேயொரு தட்டில்.

எண்பத்தைந்தில் யாழ்ப்பாணத்திலிருந்து வந்த நாகேஸ்வரி அந்தக் கடையை ஒரு கிரேக்கரிடம் வாங்கினாள். முன்னால் தமிழ்ப் படங்களை அடுக்கினாள். பின்தட்டு கடையோடு வந்த சீதனம். அதை எறிய வழியில்லை. கடை வாடகை அதில்தான் வந்தது. ஆனால் அட்டையில் இருந்த பெண்களை நிமிர்ந்து பார்க்க அவளுக்குக் கூச்சம். ஊரில் ரீச்சராக இருந்தவள் அல்லவா, பள்ளிக் கொப்பிக்கு உறை போடுவதுபோல ஒவ்வொரு வீடியோக் கசெற்றுக்கும் பிறவுண் பேப்பர் உறை போட்டு, மேலே இலக்கம் எழுதிவிட்டாள். வருகிற ஆண்கள் உள்ளே என்ன படம் என்று தெரியாமலே, "பதினேழு தாங்கோ அக்கா" என்று நிலத்தைப் பார்த்தபடி கேட்பார்கள்.

எண்பத்தொன்பதில் எங்கள் மாதர் சங்கத் தலைவி யோகா கொதித்தெழுந்தாள். தட்டை எடுக்காவிட்டால் ஒரு தமிழ்க் குடும்பமும் கடைப்படி ஏறாது என்றாள். எடுத்தால் வாடகை இல்லை. எப்படிப் பார்த்தாலும் கடைக்குப் பூட்டுத்தான். நம்மவர்கள் வேறென்ன செய்வார்கள்? பக்கத்துப் பள்ளிக்கூட மண்டபத்தில் பட்டிமன்றம் வைத்தார்கள். "இப்படங்கள் பெண்களை இழிவுசெய்கின்றனவா?" நடுவர் நான். என் தீர்ப்புக்குக் கட்டுப்படுவதாக நாகேஸ்வரி ஒப்புக்கொண்டாள்.

இழிவில்லை என்று பேச ஒருவரும் முன்வரவில்லை. சீட்டுக் குலுக்கியதில் அகப்பட்டவர் கணக்காளர் விக்னராஜா.

"அதுவும் ஒரு தொழில். அவையள் விரும்பித்தான் நடிக்கினம்," என்றார்.

"ஆர் சொன்னது விரும்பி எண்டு?" யோகா பாய்ந்தாள்.

"முகத்தைப் பார்த்தாலே விளங்குமே!"

முன்வரிசையில் அவர் மனைவி மனோரமா நிமிர்ந்தாள். "எந்த முகத்தையப்பா பார்த்தனீங்கள்?"

மண்டபம் கூரை பறக்கச் சிரித்தது. எனக்கும் குறும்பு ஏறிவிட்டது. "முகத்தைப் பார்க்காமல் தீர்ப்பில்லை. ஒரு கசெற் கொண்டா, நாகேஸ்," என்றேன்.

கடை அடுத்த தெருவில்தான். கொண்டுவந்து மேசையில் வைத்து உறையைக் கிழித்தாள். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, அந்த அட்டையை முதன்முறையாக வடிவாகப் பார்த்தாள். அவளுடைய தங்கைக்கு இருக்கும் வயது, முப்பத்தைந்து இருக்கும், ஒருத்தி சிரித்தபடி நின்றாள்.

"இவவுக்குக் குளிருது," என்றாள் நாகேஸ்வரி மெதுவாக. "கையைப் பாருங்கோ, மயிர் சிலிர்த்து நிக்குது. சிரிக்கச் சொல்லியிருக்கிறாங்கள், சிரிக்கிறா. ஒருத்தனும் ஒரு சால்வை குடுக்கேல்லை."

விக்னராஜா உட்கார்ந்துவிட்டார். நான் தீர்ப்புக்கு வாயெடுக்கமுன் நாகேஸ்வரி, "நானே தட்டை எடுக்கிறன். வேற பிழைப்புப் பார்ப்பம்," என்றாள்.

தட்டு இருந்த இடத்தில், எங்கள் ஊர்ச் சிற்றுண்டியான ரோல்ஸ் பொரிக்கும் அடுப்பு வந்தது. வீடியோக் காலம் முடிந்த பிறகும் கடை நின்றது அந்த அடுப்பால்தான். நாகேஸ்வரி பொரித்த ரோல்ஸுக்கு தொள்ளாயிரம் கிலோமீற்றர் தள்ளி, மெல்பேணில் இருக்கும் கிரான்பர்னிலிருந்துகூட ஆட்கள் கார் பிடித்து வந்தார்கள் என்று எழுதிக்கொண்டிருக்கிறேன். அவள் என் தோளுக்கு மேலால் எட்டிப் பார்க்கிறாள்.

"பொய் எழுதாதை. கிரான்பர்னிலயிருந்து ஒருத்தரும் வரேல்லை. ரோல்ஸும் நான் பொரிக்கேல்லை. சனிக்கிழமையில மனோரமா விக்னராஜாவைக் கொண்டுவந்து இறக்கிவிட்டிட்டுப் போவா. பொரிச்சது முழுக்க அந்த மனுசன்தான்."