வெந்நீர்க் குளத்தில் சொன்ன வசனங்கள்

ஹங்கேரியில் ஐம்பத்தாறாம் ஆண்டு எழுச்சி அடங்கியதும், விதோவ்ஸ்கி லோரின்ட்ஸின் முதல் படம் திரைக்கு வரும் முன்பே அவர் திரைக்கதை எழுதத் தடை வந்தது. தடை அவர் பெயருக்குத்தான். கதை நன்றாக இருந்தால் எங்கள் புடாபெஸ்ட் மேலிடத்துக்கு வலிக்கவா போகிறது? அதனால் நண்பர் ஒட்டோவின் பெயரில் எழுதினார். எழுதினார் என்பதுகூடத் தப்பு. காகிதம் அகப்பட்டால் இரண்டு பேருக்கும் ஆபத்து. பொதுக் குளியலகத்தின் வெந்நீரில் கழுத்தளவு அமிழ்ந்து, சுற்றிலும் கிழவர்கள் சதுரங்கம் ஆடிக்கொண்டிருக்க, லோரின்ட்ஸ் காட்சி காட்சியாகச் சொல்வார். ஒட்டோ வீட்டுக்குப் போய்த் தட்டச்சு செய்வார். படம் வந்தால் லோரின்ட்ஸ் தனியாகப் போய், திரையில் ஒட்டோவின் பெயரைப் பார்த்துவிட்டு வருவார். அந்தத் தனிமையை வாய்விட்டுச் சொல்லவும் ஆளில்லை.

தடை நீங்கியபோது ஒட்டோ உயிரோடு இல்லை. லோரின்ட்ஸ் தன் பெயரைப் போட்டு ஒரு திரைக்கதையை ஸ்டுடியோவுக்குக் கொண்டுபோனார். ஒரு தடவையாவது அந்தப் பெயரைத் திரையில் பார்த்துவிட வேண்டும், அவ்வளவுதான் ஆசை. கதை இலாகாவில் இருந்த பிரோஷ்கா படித்துவிட்டு முகம் சுளித்தாள்.

"லோரின்ட்ஸ் மாமா, தப்பா நினைக்காதீங்க. இது அப்படியே ஒட்டோ மாமா நடை. செத்தவர் சட்டையைப் போட்டுக்கிட்டு வந்து நின்னா எப்படி?"

"அவன் படமெல்லாம் நான் சொன்னதும்மா."

"ஒரு தாளாவது இருக்கா? இல்லேன்னா இல்கா அத்தையைச் சொல்லச் சொல்லுங்க. அவங்க சொன்னா ஏத்துக்கறேன்."

இல்கா ஒட்டோவின் மனைவி. லோரின்ட்ஸ் அவள் வீட்டுக்குப் போனார். காபியும் கசகசா ரொட்டியும் வைத்தாள். லோரின்ட்ஸ் வாயைத் திறப்பதற்குள் அவளே ஆரம்பித்தாள்.

"தட்டச்சு பண்ணப் பண்ண எனக்குப் படிச்சுக் காட்டுவாரு. 'சாவி உங்கிட்டயே இருக்கட்டும், பூட்டை நான் மாத்தமாட்டேன்'னு ஒரு வசனம் வருமே? நான் கோச்சுக்கிட்டு எங்கம்மா வீட்டுக்குப் போனேன்ல, அதுக்காக எழுதினதாம். அவரே சொன்னாரு. இப்போ தனியா கிடக்கேன். அதை நினைச்சாத்தான் தூக்கமே வருது."

எல்லை தாண்டி வியன்னாவுக்குப் போன தன் மனைவியிடம் லோரின்ட்ஸ் சொன்ன சொல் அது. அவள் திரும்பி வரவே இல்லை. இப்போது உண்மையைச் சொல்லிவிடலாம். ஒரு வாக்கியம் போதும்.

"ஆமா இல்கா, எங்கிட்டயும் சொன்னான்," என்றார்.

மறுநாள் ஸ்டுடியோவில் திரைக்கதையைத் திருப்பிக் கேட்டார்.

"என்ன மாமா, அத்தை என்ன சொன்னாங்க?"

"நீ சொன்னதுதாம்மா சரி. அவனைப் பார்த்துக் காப்பியடிச்சேன்."