புரட்டாசியில் ஆக்கிய மொராக்கோ கோழி

அண்ணன் தட்டை நகர்த்தி வைக்கும் சத்தம் இப்போதும் என் காதில் இருக்கிறது. கோபித்துக்கொண்டு தள்ளுகிற சத்தம் இல்லை. "போதும் பாப்பா" என்று சொல்லி, சோற்றில் பட்ட விரலைத் தட்டின் ஓரத்தில் வழித்துவிட்டு, மெதுவாக நகர்த்துவார். நான் தட்டை எடுத்துக்கொண்டு தோட்டத்துப் பக்கம் போவேன். காக்கைக்குப் போடுவேன். எங்கள் வீட்டுக் காக்கைகள் அந்த மழைக்காலத்தில் நன்றாகத் தேறியிருந்தன.

அறுபதுகளில் நடந்தது இது. செஞ்சி பஜாரில் என் வீட்டுக்காரருக்கு மளிகைக்கடை. கடைக்குப் பின் தெருவில் வீடு. அண்ணன் என் கூடப்பிறந்தவர், ஒரே அண்ணன். எங்கள் அம்மா வீடு புதுச்சேரிப் பக்கம். அந்தப் பக்கத்து ஆட்கள் அந்தக் காலத்தில் பிரெஞ்சுக்காரன் பட்டாளத்தில் சேருவது உண்டு. அப்படிச் சேர்ந்தவர்களைச் 'சொல்தா' என்பார்கள். அண்ணனும் சொல்தாவாகப் போய் மொராக்கோவில் சில வருஷம் இருந்துவிட்டு வந்தவர். அண்ணி காலமாகிவிட்டார்கள், பிள்ளை இல்லை. புதுச்சேரியில் ஒரு ரூம் எடுத்துத் தனியாக இருந்தார். அங்கே விஷக்காய்ச்சல் கண்டு கிடக்கிறார் என்று கேள்விப்பட்டு, என் வீட்டுக்காரரே பஸ்ஸில் போய்க் கைத்தாங்கலாக அழைத்து வந்தார்.

காய்ச்சல் இறங்கிவிட்டது. நாக்கு மட்டும் திரும்பவில்லை. ரசம் வைத்தேன், முருங்கைக்கீரை வதக்கினேன், பருப்புத் துவையல் அரைத்தேன், கஞ்சிக்கு உப்பு எலுமிச்சை வைத்தேன். எதை வைத்தாலும் ஒரே பேச்சுதான்.

"மண்ணத் தின்ற மாதிரி இருக்குது பாப்பா."

ஆஸ்பத்திரி டாக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். "காய்ச்சல் போயாச்சும்மா. இனிமே மருந்து எதுவும் இல்ல, சோறுதான் மருந்து. இப்படியே விட்டா உடம்பு தாங்காது."

அதன் பிறகு நான் ஆக்குவதும் அவர் நகர்த்துவதுமாகவே பொழுது போனது. மழையில் விறகெல்லாம் ஈரம். அடுப்பை ஊதி ஊதிக் கண் எரியும். விடியக் குளித்து விளக்கேற்றிப் பெருமாளுக்குத் துளசி வைப்பதில் ஆரம்பித்தால், துவைப்பது, அரைப்பது, அண்ணனைத் தூக்கி உட்கார வைப்பது, துடைத்துவிடுவது என்று ஓடும். மத்தியானம் சுவரில் சாய்ந்தால் தலையைச் சீவக்கூடக் கை தூக்க வராது. 'பெருமாளே' என்று மனசுக்குள் மட்டும் சொல்லிக்கொள்வேன். சிங்கவரம் மலையில் அவர் படுத்தபடி இருப்பவர். படுத்துக் கிடக்கிறவன் கஷ்டம் உனக்குத் தெரியாதா என்று ஒருநாள் சண்டை போடுவது போலக்கூடக் கேட்டுவிட்டேன்.

புரட்டாசி பிறந்தது. எங்கள் வீட்டில் அந்த மாசம் முழுக்கக் கவிச்சி கிடையாது. கறி, மீன், முட்டை எதுவும் வாசலைத் தாண்டாது. என் வீட்டுக்காரர் நெற்றியில் நாமம் இல்லாமல் கடை திறக்கமாட்டார்.

அப்படி ஒரு காலையில் கஞ்சி கொண்டுபோனேன். அண்ணன் கட்டிலில் உட்கார்ந்து தகரப் பெட்டியில் துணியை அடுக்கிக்கொண்டிருந்தார். ஒரு சட்டையை மடிக்கவே வெகுநேரம் ஆயிற்று.

"இன்னாண்ணா இது?"

"நாளைக்கு மொத பஸ்ல ஊருக்குப் போறேன் பாப்பா."

"ஊருக்கா? அங்க யாரு இருக்குறாங்க உனுக்கு?"

"ரூம் இருக்குது."

"ரூம் சோறு ஆக்கிப் போடுமா?"

அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை. "நீயும்தான் ஆக்கிப் போடற. எறங்குதா? ஒன்ன பாக்கவே கஷ்டமா இருக்குது. எலும்பும் தோலுமா ஆயிட்ட. நான் அங்கயே கெடந்துக்கறேன்."

போனால் அந்த ரூமில்தான் உயிர் போகும் என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். கஞ்சிப் பாத்திரத்தைத் தரையில் வைத்துவிட்டுக் கேட்டேன். "உனுக்கு எதுதான்ணா எறங்கும்? வாயத் தொறந்து சொல்லித் தொலை."

கையிலிருந்த சட்டையைப் பெட்டிக்குள் வைத்தார். பிறகு, "அந்த ஊரு கோழி" என்றார்.

மொராக்கோவில் இருந்தபோது அவருக்கு இதே மாதிரி காய்ச்சல் வந்து நாக்கு செத்துப் போனதாம். பட்டாளத்துத் துணி துவைக்கிற ஒரு அம்மா, தன் வீட்டில் ஆக்கிய கோழியைக் கோபுரம் மாதிரி மூடி போட்ட மண்சட்டியில் கொண்டுவந்து வைத்தாளாம். "பாஷ புரியாது. தின்னுன்னு கையால காட்டுவா. தின்னேன். மறுநாளே எழுந்து நின்னேன் பாப்பா." உடம்பு தேறிய பிறகு அவள் வீட்டுக்கே போய், எப்படிச் செய்கிறாள் என்று பார்த்துக்கொண்டும் வந்திருக்கிறார்.

"இது புரட்டாசிண்ணா."

"தெரியும். அதான் சொல்லல."

மத்தியானம் வீட்டுக்காரர் சாப்பிட வந்தபோது, அவர் சாப்பிட்டு முடிக்கும் வரை பொறுத்திருந்து, பயந்து பயந்து விஷயத்தைச் சொன்னேன். அவர் எழுந்தார். கையைக் கழுவினார். மேல்துண்டை உதறிப் போட்டுக்கொண்டு சைக்கிளை எடுத்துப் போய்விட்டார். கோபம் என்றுதான் நினைத்தேன்.

வெயில் சாய்வதற்குள் திரும்பி வந்தார். கேரியரில் அரிசிச் சாக்கு. சாக்கு அசைந்தது.

"சிங்கவரத்துல ஒரு வீட்ல வாங்கினேன்" என்றார். முகத்தில் வேர்வை வழிந்து நாமம் கலைந்திருந்தது. "பஜார் வழியா வரும்போது இது கத்தித் தொலைச்சிடுச்சி. பக்கத்துக் கடைக்காரன் கேக்கறான், 'இன்னா மொதலாளி, சாக்குல அரிசி கத்துது?'ன்னு."

"ஐயோ. நீங்க இன்னா சொன்னீங்க?"

"புது ரகம்னேன்."

எத்தனையோ நாள் கழித்து எனக்குச் சிரிப்பு வந்தது. அவர் சிரிக்கவில்லை. "ஊட்டுக்குள்ள வாணாம். தோட்டத்துல கல்லு வச்சி ஆக்கு. பெருமாள்கிட்ட நான் பேசிக்கறேன்" என்றார். கோழியையும் அவரே அறுத்துச் சுத்தம் செய்து கொடுத்தார்.

அண்ணனைக் கட்டிலோடு தாழ்வாரத்துக்கு நகர்த்தினோம். எதிரே கோட்டை மலை மேகத்துக்குள் பாதி மறைந்திருந்தது. அவர் படுத்தபடி சொல்லச் சொல்ல நான் செய்தேன். வெங்காயத்தைத் துருவச் சொன்னார். இஞ்சி, மிளகு, மஞ்சள், சீரகம், ஒரு துண்டுப் பட்டை. குங்குமப்பூ வேண்டும் என்றார். வீட்டில் இருந்தது பெருமாள் பாலுக்கு வைத்த குங்குமப்பூ. சாமி அறை வாசலில் நான் நின்றுகொண்டிருப்பதைப் பார்த்து, வீட்டுக்காரரே உள்ளே போய்ச் சிமிழிலிருந்து கிள்ளி எடுத்துவந்து என் கையில் வைத்தார்.

"தாளிக்க வேணாமாண்ணா?"

"வாணாம்."

"மொளகா?"

"அவ போடமாட்டா."

"மொளகா போடாம ஆக்கினா செத்த கோழிக்கே மானக்கேடு மச்சான்" என்றார் என் வீட்டுக்காரர்.

அந்த ஊரில் இதற்கு உப்பில் ஊறிய எலுமிச்சை போடுவார்களாம். அது நம் வீட்டு ஜாடியிலேயே இருந்தது. உப்பில் போட்ட ஒரு பச்சைக் காயும் போடுவார்களாம். கொட்டை உள்ளது, கொஞ்சம் கசக்கும் என்றார். செஞ்சியில் அதற்கு நான் எங்கே போவேன்? கோட்டை மலைப் பக்கத்திலிருந்து பறித்துவந்த களாக்காய் உப்புத் தண்ணீரில் கிடந்தது. அதை ஒரு கைப்பிடி போட்டேன். எல்லாவற்றையும் கோழியோடு பிசறிச் சட்டியில் போட்டு, கோபுர மூடிக்குப் பதிலாக ஒரு சின்ன மண் கலயத்தைக் கவிழ்த்து, சின்ன தீயாக வைத்தேன். கலயத்தைக் கவிழ்ப்பதற்கு முன், எந்தக் குழம்புக்கும் போடுகிற மாதிரி கல்லுப்பு ஒரு கை அள்ளிப் போட்டேன். எலுமிச்சையில் உப்பு, களாக்காயில் உப்பு என்ற நினைப்பே வரவில்லை. அசதியில் கை தன்பாட்டுக்கு வேலை செய்தது.

மற்ற மாசமாக இருந்தால் உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டுப் பார்த்திருப்பேன். அன்றும் பழக்கத்தில் கரண்டியை எடுத்து உள்ளங்கை வரைக்கும் கொண்டுபோய்விட்டுத்தான் புரட்டாசி ஞாபகம் வந்தது. கரண்டியை வீட்டுக்காரர் பக்கம் திருப்பினேன். அவர் நெற்றி நாமத்தைத் தொட்டுக்கொண்டு இரண்டடி பின்னால் போனார். அக்கம்பக்கத்திலும் எல்லா வீட்டிலும் அதே விரதம்.

"நீயாவது பாருண்ணா."

"எனுக்கு இன்னா தெரியும்? எல்லாம் மண்ணுதான்."

ஆக, யாரும் ருசி பார்க்காமலே சட்டி இறங்கியது. வாசனை மட்டும் நன்றாக இருந்தது. அண்ணன் கண்ணை மூடிக்கொண்டு மூக்கால் இழுத்தார்.

அங்கே ரொட்டியில் தொட்டுத்தான் சாப்பிடுவார்களாம். பஸ் ஸ்டாண்டு டீக்கடையிலிருந்து வீட்டுக்காரர் ரொட்டி வாங்கிவந்திருந்தார். அண்ணன் ஒரு துண்டு பிய்த்தார். சாற்றில் தோய்த்து, கொஞ்சம் கறியை எடுத்து, வாயில் வைத்தார். இரண்டு மென்றார். தாடை நின்றுவிட்டது. முகம் கோணிக்கொண்டு போனது. கஷ்டப்பட்டு விழுங்கிவிட்டுத் தண்ணீருக்குக் கை நீட்டினார்.

"இன்னாண்ணா?"

"உப்பு பாப்பா. கடல் தண்ணி மாதிரி உப்பு."

நான் ஈரத் தரையிலேயே உட்கார்ந்துவிட்டேன். புரட்டாசியில் ஓர் உயிரை அறுத்து, சாமி குங்குமப்பூவை எடுத்து, வீட்டுக்காரரைப் பஜாரில் கேலிக்கு ஆளாக்கி, கடைசியில் எல்லாம் காக்கைக்குத்தான். அழுகை வரவில்லை. அழுவதற்கும் உடம்பில் ஏதாவது இருக்கவேண்டும். விடிந்தால் அந்தத் தகரப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பஸ் ஸ்டாண்டுக்குப் போகவேண்டியதுதான் என்று நினைத்துக்கொண்டேன்.

வீட்டுக்காரர்தான் பேசினார். ரொம்ப மெதுவாக, யாரோ தூங்குகிற இடத்தில் பேசுவது போல.

"மச்சான், இப்ப இன்னா சொன்னீங்க?"

"உப்புன்னேன் மாப்ள."

"மண்ணுன்னு சொல்லல."

அண்ணன் அவரைப் பார்த்தார். பிறகு தட்டைப் பார்த்தார். விரலைச் சாற்றில் தொட்டு நாக்கில் வைத்தார். மறுபடியும் வைத்தார். "எலுமிச்ச இருக்குது" என்றார். கொஞ்சம் பொறுத்து, "பட்ட" என்றார்.

"இந்த உப்புக்கு ரொட்டி தாங்காது பாப்பா. சோறு இருக்குதா?"

மத்தியானச் சோறு பானையில் இருந்தது. ஓடிப்போய் எடுத்துவந்து, கறியைக் கொஞ்சமாகவும் சோற்றை நிறையவும் போட்டுப் பிசைந்து கொடுத்தேன். சாப்பிட்டார். இன்னும் கரிக்கிறது, சோறு போடு என்றார். போட்டேன். இன்னும் என்றார். சாறு ஊற்ற ஊற்றச் சோறு கேட்டார். பானையின் அடியைச் சுரண்டும் சத்தம் கேட்டு வீட்டுக்காரர் உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு, "நமக்கு நீராகாரம்தான்" என்றார்.

"அவ செஞ்ச மாதிரி இல்ல" என்றார் அண்ணன், கை கழுவும்போது.

"அப்பிடியா?"

"அவ இவ்ளோ உப்பு போடமாட்டா."

"அப்ப அவகிட்டயே போய்ச் சாப்புடு."

"கப்பல்ல போகணும். உன் வீட்டுக்காரரு டிக்கெட் எடுப்பாரா கேளு."

கறி மிச்சம் இருந்த சட்டியைத் தோட்டத்துச் சுவரோரம் மூடி வைத்தேன். அது வீட்டுக்குள் வரக்கூடாது. தலைக்கு ஊற்றிக்கொண்டு வந்து விளக்கேற்றினேன். பெருமாளிடம் மன்னிப்பு கேட்கவேண்டும் என்றுதான் உட்கார்ந்தேன். எப்படி ஆரம்பிப்பது என்று யோசிக்கும்போதே, ஈரத்தலையோடு சுவரில் சாய்ந்து கண் அசந்துவிட்டேன்.

பேச்சுக் குரல் கேட்டு விழித்தேன். வெளியே இன்னும் நன்றாக இருட்டவில்லை. விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

"மொத பஸ்ஸுக்கு எழுப்பணுமா மச்சான்?" என்று வீட்டுக்காரர் கேட்டுக்கொண்டிருந்தார்.

"பாப்போம் மாப்ள. அடுத்த பஸ்ஸு இல்லாமலா போயிடும்?" என்ற அண்ணன், என் பக்கம் குரல் கொடுத்தார். "பாப்பா, முழிச்சிக்கிட்டியா? பசிக்குதும்மா."

பானையில் ஒரு பருக்கை இல்லை. மன்னிப்பை அப்படியே வைத்துவிட்டு, அரிசியை முறத்தில் எடுத்துக்கொண்டு, ஈர விறகை ஊதப் போனேன்.